அவருக்கு நான் கொடுத்த ஞாபகம்

நடந்ததா இல்லையா என்று எனக்கே தெரியாத ஒன்றை, நடந்ததென்று என் கணவரை நம்பவைத்தவள் நான். தெரிந்தே செய்தேன். அவர் நம்பும்வரை விடாமல் செய்தேன்.

உங்களிடம் ஏன் சொல்கிறேன்? நீங்கள் எங்களை அறியாதவர். அறிந்தவர்களிடம் சொன்னால், கேட்கக் கேட்க அவர்கள் முகம் மாறுவதை நான் பார்க்க வேண்டியிருக்கும்... அதற்குத் துணிவில்லை.

கேரள எல்லையில், கோவிந்தாபுரத்துக்குப் பக்கத்தில் ஒரு தென்னந்தோப்புக்குள் எங்கள் வீடு. நான் தமிழ்வழிப் பள்ளியொன்றில் ஆசிரியை. என் கணவர் பழனிச்சாமி தோப்பையும் மாடுகளையும் பார்த்துக்கொள்கிறார். என் ஒரே தம்பி செந்தில், வேலந்தாவளத்தில் அம்மாவோடு இருந்தான்.

இருந்தான்... இந்தச் சொல்லை எழுதும்போது இப்போதும் கை நின்றுவிடுகிறது.

அப்பா போனபோது அவன் கைக்குழந்தை. அம்மா தோட்ட வேலைக்குப் போய்விடுவாள். அவனைக் குளிப்பாட்டிச் சோறூட்டித் தூங்கவைப்பது என் வேலை. நான் கல்யாணமாகி வந்த பிறகு, வாரத்தில் பாதி நாள் எங்கள் வீட்டில்தான் கிடப்பான். 'மாமா, மாமா' என்று என் கணவரின் பின்னாலேயே திரிவான். அவர்கள் இருவரும் சேர்ந்து சிரிக்கும்போது எனக்குக் கொஞ்சம் பொறாமைகூட வந்ததுண்டு.

அன்று வேலந்தாவளத்தில் மாட்டுச் சந்தை. கன்றுக்குட்டி ஒன்றை வேனில் ஏற்றி அனுப்பிவிட்டு, இருவரும் என் கணவரின் பைக்கில் பின்னாலேயே போனார்கள். சாயங்காலம் எங்கள் வீட்டுக்குத் திரும்பி வரும் வழியில், வாய்க்கால் பாலத்து வளைவில் வண்டி கைப்பிடிச் சுவரில் மோதியது. செந்தில் அந்த இடத்திலேயே போய்விட்டான். என் கணவரை வாய்க்காலுக்குள் இருந்து தூக்கினார்கள். தலையில் அடி. பல நாள் கண் திறக்கவில்லை.

வண்டி அவருடையது, எனவே ஓட்டியவரும் அவரே என்று எல்லோரும் எடுத்துக்கொண்டோம். மாடு ஏதோ குறுக்கே வந்திருக்க வேண்டும் என்று போலீசும் எழுதி முடித்துவிட்டது.

வீடு திரும்பிய அவருக்கு எல்லாம் ஞாபகம் இருந்தது. என் பெயர், மாடுகளின் பெயர், அன்று காலையில் நான் அரைத்த கடலைச் சட்டினி... எல்லாம்! அந்தச் சாயங்காலத்தைத் தவிர.

"கன்னுக்குட்டியச் சந்தையில கட்டுனது வரைக்கும் தெரியுது புள்ள. அப்பறம் ஆஸ்பத்திரிதான். நடுவுல ஒண்ணுமே இல்ல."

துக்கம் கேட்க வந்தவர்களிடமெல்லாம் இதையே சொன்னார். ஒரு சொல் கூடாமல், குறையாமல். மனப்பாடம் செய்து ஒப்பிக்கும் பிள்ளைகளைத் தினமும் பார்க்கிறவள் நான். என் காதுக்கு அது அப்படித்தான் கேட்டது.

மறதி இப்படிப் பொறுக்கி எடுக்குமா? சட்டினியை வைத்துக்கொண்டு சாவை மட்டும் கொண்டுபோகுமா?

அவருக்கு வைத்தியம் பார்த்த பாலக்காட்டு டாக்டரிடம் கேட்டேன். மலையாளி, எனக்காகத் தமிழில் பேசினார். "டீச்சரே, தலையில பலமா அடி பட்டா, அதுக்கு முன்னாடி உள்ள கொஞ்ச நேரம் அப்படியே போகும். மூளை அதை உறப்பிச்சு, பதிய வெக்கறதுக்குள்ள அடி விழுந்தாச்சு. பதியாதது எப்படித் திரும்பி வரும்?" கிளம்பும்போது இன்னொன்றும் சொன்னார். "அவரைக் கட்டாயப்படுத்திக் கேக்க வேண்டாம். காலியா இருக்கற எடத்துல நீங்க எதைச் சொன்னாலும் அவர் மனசு எடுத்து வெச்சுக்கும்."

கவனியுங்கள்... அந்த எச்சரிக்கையை நான் கேட்டேன். கேட்ட பிறகுதான் செய்தேன்! டாக்டர்கூட அவருக்குச் சாதகமாகப் பேசுகிறார் என்றே எனக்குத் தோன்றியது.

அதன்பின் அவரை வேவு பார்க்கத் தொடங்கினேன். பாலத்தைக் கடக்கும்போது பஸ்ஸில் அவர் கண்ணை மூடினார், ஏன்? நான் உள்ளே வந்ததும் பேச்சை நிறுத்தினார், ஏன்? செந்திலின் படத்துக்கு முன்னால் நிற்காமல் நகர்ந்தார், எதற்கு? துக்கப்படுகிற எந்த மனிதனும் செய்யக்கூடியவைதாம். எனக்கு ஒவ்வொன்றும் சாட்சியமாக இருந்தது.

ஒரு மத்தியானம், மாட்டுக்குச் சோளத்தட்டு நறுக்கிக்கொண்டிருந்தவரிடம் போய் நின்றேன்.

"ஏனுங்க, அன்னைக்குப் போன் பேசிட்டே வண்டி ஓட்டிட்டு வந்தீங்களாமா? பாத்தவங்க சொல்றாங்கொ."

யாரும் அப்படிச் சொல்லவில்லை. அந்த நொடியில் என் வாயில் பிறந்தது அது. நடிக்கிற மனிதன் என்றால் முகம் காட்டிக்கொடுக்கும் என்று எதிர்பார்த்தேன்.

அவர் முகத்தில் ஒன்றுமே இல்லை. "அப்படியா? யாரு பாத்தாங்களாமா?" என்றார், ஒரு குழந்தையைப் போல.

அத்தோடு விட்டிருக்கலாம் அல்லவா? நான் விடவில்லை. மாடு மேய்த்தவர்கள் பார்த்தார்கள் என்றேன். இன்னொரு நாள், ஒற்றைக் கையில் ஓட்டியதாகச் சொன்னேன். வண்டி ஆடி ஆடி வந்ததாம் என்றேன். சோறு போடும்போது, துணி மடிக்கும்போது, தோப்புக்குத் தண்ணீர் திறந்துவிடும்போது... முதலில் தலையை ஆட்டி மறுத்தார். பிறகு மறுப்பதை நிறுத்தினார். பிறகு, நான் சொல்லும்போது தரையைப் பார்த்துக்கொண்டு யோசிக்கத் தொடங்கினார்.

மழைக்காலத்து விடியலொன்றில், கறந்த பாலோடு அடுக்களை வாசலில் வந்து நின்றார்.

"போனு வந்துச்சு புள்ள. இப்ப ஞாபகம் வருது. சட்டைப் பையிலிருந்து எடுத்தேன். செந்திலு சொன்னான், 'வேண்டாங் மாமா, ஊட்டுக்குப் போய்ப் பேசிக்கலாம்'னு. நான் கேக்கல."

எனக்கு அப்போது என்ன தோன்றியது தெரியுமா? அழுகை இல்லை. வெற்றி! பிடித்துவிட்டேன் என்ற வெற்றி.

செந்தில் சொன்னதாக ஒரு வார்த்தையும் நான் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை. அது அவர் தலைக்குள்ளிருந்து வந்தது. அப்படியானால் உண்மையாகத்தானே இருக்க வேண்டும்? இருட்டில் நான் எறிந்த கல் சரியான இடத்தில் விழுந்துவிட்டது என்று நினைத்தேன். என் பொய்யை அன்றிலிருந்து நானும் நம்பினேன்.

அன்றே பஸ் ஏறி வேலந்தாவளம் போனார். என் அம்மாவின் முன்னால் நின்று எல்லாவற்றையும் சொன்னார். அம்மா கத்தவில்லையாம். "இனி என்ற ஊட்டு வாசப்படி மிதிக்காதீங்க மாப்ள" என்று மட்டும் சொல்லிக் கதவைச் சாத்திக்கொண்டாள். அதற்குப் பிறகு அவர் வண்டியைத் தொடவில்லை. போனைத் தொடவில்லை. பால் சொசைட்டிக்கு நடந்தே போய்வருகிறார். தேங்காய் வெட்டும்போதெல்லாம் ஒரு சாக்கு நிறைய எடுத்துப்போய் அம்மாவின் வீட்டுக்கு வெளியே வைத்துவிட்டு, யாரையும் கூப்பிடாமல் திரும்பி வருகிறார்.

நான் பார்த்துக்கொண்டிருந்தேன். இது அவருக்கு வேண்டியதுதான் என்றுகூட நினைத்தேன்.

போன பங்குனியில், அந்தக் கன்றை வாங்கிய வியாபாரி வீடு தேடி வந்தார். காங்கேயம் பக்கத்துக்காரர். இந்தப் பக்கம் வந்து நாளாகிவிட்டதாம். என் கணவர் தோப்பில் இருந்தார். மோர் கொடுத்தேன். குடித்துவிட்டு, தயங்கித் தயங்கிப் பேசினார்.

"கேள்விப்பட்டு மனசே ஆறலீங்க. சின்ன வயசுப் பையன். கன்னுக்குட்டி திமிறுனதுல உங்க ஊட்டுக்காரருக்குக் கயிறு இழுத்து உள்ளங்கை கிழிஞ்சுபோச்சுங்க. வெரல மடக்க முடியல. அதனாலதான் அந்தத் தம்பி சாவிய வாங்கி வண்டிய எடுத்தாப்ல. நானே பாத்தனுங்க. உங்க ஊட்டுக்காரரு பின்னாலதான் உக்காந்தாரு."

ஆஸ்பத்திரியில் அவருடைய வலது உள்ளங்கையில் கட்டுப் போட்டிருந்தார்கள். விபத்தில் பட்ட காயம் என்றே நான் நினைத்திருந்தேன்...

வியாபாரி போய்விட்டார். நான் காலி டம்ளரைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

டாக்டரிடம் தனியாகப் போனேன். நடக்காத ஒன்று ஒருவருக்கு இவ்வளவு தெளிவாக ஞாபகம் வருமா என்று கேட்டேன். யாருக்கு என்று சொல்லவில்லை, அவர் புரிந்துகொண்டிருப்பார்.

"வரும். ஞாபகம்ங்கறது உள்ள பத்திரமா இருக்கற போட்டோ இல்ல டீச்சரே. ஒவ்வொரு தடவை நினைக்கும்போதும் மனசு அதைப் புதுசா உண்டாக்குது. எடைவெளி இருந்தா நம்பற மாதிரி எதையாவது வெச்சு அடைக்கும். அதுல குரல் கேக்கும், முகம் தெரியும். அவரு பொய் சொல்லல."

அவர் பொய் சொல்லவில்லை. சொன்னவள் யார் என்று டாக்டர் கேட்கவில்லை.

உடனே போய் அவரிடம் உண்மையைச் சொன்னேன் என்று நினைக்கிறீர்களா? இல்லை. மாதக்கணக்கில் மறைத்தேன். சொன்னால் என் தம்பிதான் மோதினான் என்றாகும். அம்மாவுக்கு அவனை இரண்டாம் முறை பறிகொடுத்தது போலாகும். அதெல்லாம் நான் எனக்குச் சொல்லிக்கொண்ட சாக்கு. என் பொய் வெளியே வந்துவிடுமே என்பதே உண்மையான பயம்.

கடைசியில் போன வாரம் சொன்னேன். மாட்டுக் கொட்டகையில், அவர் எதிரில் உட்கார்ந்து. வியாபாரி வந்ததை, கைக் காயத்தை, செந்தில் சாவி வாங்கியதை. போன் கதை நான் கட்டியது என்பதையும் சொன்னேன். "யாருமே பாக்கலீங்க. நானாச் சொன்னது. உங்க வாயப் புடுங்கறதுக்குச் சொன்னது."

அவர் கோபப்படுவார், அடிப்பார், எழுந்து போய்விடுவார் என்றெல்லாம் எதிர்பார்த்தேன். அவரோ உள்ளங்கையை விரித்து அந்தத் தழும்பைப் பார்த்தார்.

"ஆமா... கை வலிச்சுது," என்றார் மெல்ல. "அதனாலதான் ஒத்தக் கையில ஓட்டுனேன். இந்தக் கையில போன வெச்சிருந்தேன்."

"இல்லீங்க! நீங்க ஓட்டவே இல்ல!"

"என்னையத் தேத்தறதுக்குச் சொல்ற."

மீண்டும் மீண்டும் சொன்னேன். ஒருகாலத்தில் பொய்யைத் திரும்பத் திரும்பச் சொன்ன அதே வாய்தான். இப்போது உண்மைக்கு அங்கே இடமில்லை. அவர் என்னை இரக்கத்தோடு பார்த்தார். அப்புறம் சொன்னார்.

"யாரு கூப்பிட்டாங்கன்னு இதுவரைக்கும் நான் யாருகிட்டயும் சொல்லல, இல்ல? உங்கம்மாகிட்டக்கூடச் சொல்லல. நீதான் புள்ள கூப்பிட்ட. 'எங்க வந்துட்டு இருக்கீங்க'ன்னு கேட்ட. உன்னைய எதுக்கு இதுல இழுக்கறதுன்னு உட்டுட்டேன்."



நான் கூப்பிட்டேனா? இல்லை... இல்லையென்றுதான் நினைக்கிறேன். அவருடைய போன் வாய்க்காலோடு போயிற்று. என்னுடையது பழுதாகி எப்போதோ மாற்றியாகிவிட்டது. அன்று பள்ளி விட்டதும் மாமரத்தடியில் நின்றேன். கையில் போன் இருந்ததா? அவர் சொன்னதிலிருந்து, இருந்தது போலத் தெரிகிறது. காதில் வைத்தது போல... மறுமுனையில் காற்றடிக்கும் சத்தம், செந்திலின் குரல்... நேற்றைவிட இன்று இன்னும் தெளிவாக!

இது என் ஞாபகமா? அவர் எனக்குக் கொடுத்ததா? பின்னால் உட்கார்ந்திருந்தவர் போனை எடுத்திருக்கலாமே? அது காதில் விழுந்து, முன்னால் இருந்தவன் திரும்பிப் பார்த்திருக்கலாமே? சொல்லுங்கள், நீங்கள்தான் வெளியில் இருந்து பார்ப்பவர்... உங்களுக்காவது தெரிகிறதா?

என் முகம் போன போக்கைப் பார்த்துவிட்டு, அவர் என் தோளைத் தொட்டார்.

"உடு புள்ள. நீ வேணும்னா கூப்பிட்ட? நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்."

செய்தேனா என்று எனக்கே தெரியாத ஒன்றை அவர் மன்னித்துவிட்டார். நான் செய்ததையோ, நடந்ததாகவே அவர் ஒப்புக்கொள்ளவில்லை.