அரை நாள் சீனியர் தணிகாசலம் சார்

தணிகாசலம் சார் போய்விட்டார்.

சற்று முன்புதான் ஆரணியிலிருந்து அவர் மகன் போன் செய்தான். "மாமா, அப்பா தவறிட்டாருங்க. மொதல்ல உங்களுக்குத்தான் சொல்றேன்."

"எத்தினி மணிக்குப்பா?" என்று கேட்டேன். சாவுச் செய்தி சொல்கிற பிள்ளையிடம் கேட்கிற முதல் கேள்வியா அது? ஆனால் எனக்குத் தெரிந்தாக வேண்டும்.

காலை பதினொரு மணி. இன்று வெள்ளிக்கிழமை வேறு.

எழுபதுகளிலும் ஒரு வெள்ளிக்கிழமைதான்... களம்பூர் பக்கத்து யூனியன் பள்ளிக்கு இரண்டு புது வாத்தியார்கள். அவரும் நானும். ஒரே ஆர்டர், ஒரே பஸ், ஒரே சீட். உலகக் கல்வி வரலாற்றைத் திருத்தி எழுதவே நான் பிறந்திருக்கிறேன் என்பதில் எனக்கு அப்போது துளியும் சந்தேகமில்லை.

பள்ளிக்குள் நுழையும்போது மணி பத்து முப்பத்தைந்து. ராகு காலம் தொடங்கி ஐந்து நிமிடம்.

நல்ல நேரத்தில்தான் கையெழுத்துப் போடுவேன் என்று அம்மாவிடம் சத்தியம் செய்திருந்தேன். பள்ளி வளாகத்து வேப்பமரத்தடியில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டேன்.

"இன்னா சார், உள்ள வரலையா?"

"ராகு காலம் போவட்டும் சார். கவர்மெண்ட் வேல... முப்பது வருஷ சமாச்சாரம்."

"எனக்கும் அதே ராகுதான் சார். நான் பேசிக்கிறேன் அவருகிட்ட."

போனார். கையெழுத்துப் போட்டார். பன்னிரண்டு மணிக்கு நான் சிங்கம் போல எழுந்தேன். சாப்பாட்டு மணி அடித்தது. ஹெட்மாஸ்டர் ரிஜிஸ்தரை மூடிவிட்டு வீட்டுக்குக் கிளம்பிவிட்டார். மதியம் திரும்பி வந்து, நான் பணியில் சேர்ந்த அறிக்கையில் எழுதினார்... "பிற்பகல்".

ஒரே நாளில் சேர்ந்தால் முற்பகல்காரர்தான் சீனியர். ரூல் அப்படி. அன்று முதல் நான் "ஜூனியர்". டீக்கடையில் ஜூனியர். சம்பள நாளில் ஜூனியர். என் கல்யாண மேடையில், தாலி கட்டிய கை கீழே இறங்கும் முன், "வாழ்த்துகள் ஜூனியர்!"

இந்த ஃபேஸ்புக் பதிவில் போட அவர் படம் தேடினேன். ஸ்கூல் குரூப் போட்டோ ஒன்றுதான் இருக்கிறது. அவர் முன்வரிசையில், நாற்காலியில். நான் பின்வரிசையில், பெஞ்சு மேல்.

எண்பதுகளில் எங்கள் ஹெட்மாஸ்டர் ரிடையர் ஆனார். பதவி உயர்வுப் பட்டியலில் அவர் பெயர், அடுத்து என் பெயர். நடுவில் ஒரே ஒரு ராகு காலம்.

அந்த நாற்காலி எனக்கு வேண்டும். விளையாட்டில்லை. தறியில் உட்கார்ந்து என்னைப் படிக்க வைத்தவள் எங்கள் அம்மா. "நான் சொல்லித்தானே நீ மரத்தடியில ஒக்காந்தே..." என்று பார்க்கிற போதெல்லாம் புலம்புவாள்.

இருவருமே முற்பகல் என்றால் வயதில் மூத்தவர்தான் சீனியர்; நான் மூன்று மாதம் மூத்தவன். பன்னிரண்டு பக்கம் மனு எழுதினேன். ஐ.நா. சபை பார்த்திருந்தால் எழுந்து நின்று கைதட்டியிருக்கும். "முற்பகலிலேயே என் இரு பாதங்களும் பள்ளி மண்ணில் பதிந்துவிட்டன. வேப்பமரமோ அரசு மரம். ஆகவே..."

சாட்சி? அன்று என்னைப் பார்த்தவர் உலகத்திலேயே ஒருவர்தான். துணிந்து அவர் பெயரையே எழுதினேன்.

கல்வி அதிகாரி ஆபீஸிலிருந்து அவருக்கு மெமோ வந்தது. நான் முற்பகலில் வந்தேனா இல்லையா, எழுத்தில் தரவும். "ஞாபகம் இல்லை" என்று இரண்டு வார்த்தை போதும், அதோடு என் கதை முடிந்தது.

அனுப்பும் முன் காகிதத்தை என்னிடம் நீட்டினார். "வந்தார். என்னோடுதான் வந்தார். மரத்தடியில் உட்கார்ந்திருந்ததை நான் பார்த்தேன்."

"இன்னா சார் இது... உங்க நாற்காலிய நீங்களே தூக்கிக் குடுக்கறீங்களா?"

"நீ வந்தது நெசந்தானேய்யா? மீதிய ரூல் பாத்துக்கும். நீ எதுக்கு பேஜார் ஆவுற?"

ரூல் பார்த்துக்கொண்டது. மரத்தடியில் உட்கார்ந்தது பணியில் சேர்ந்ததாகாது. மனு தள்ளுபடி.

ஹெட்மாஸ்டராக அவர் சேர்ந்த அறிக்கையை என்னையே எழுதச் சொன்னார், என் கையெழுத்து முத்து முத்தாக இருக்குமாம். "முற்பகல்" என்று எழுதும்போது நிப்பு வளைந்தது. சத்தியம்.

அன்று சாயந்திரம் மைசூர்பாக்குடன் வீட்டுக்கு வந்தார். "அம்மா, அடுத்த பேரு உங்க புள்ளதாங்க. தடுக்க ரூல்ல வழியே இல்ல."

வழி இல்லைதான். எனக்கும் ஆர்டர் வந்தது, கண்ணமங்கலம் பக்கம். சேர வேண்டிய நாள் சனிக்கிழமை. ஒன்பது முதல் பத்தரை வரை ராகு காலம். காலை ஆறு மணிக்கே சைக்கிளில் வந்து வாசலில் நின்றார்.

"ஜல்தி கெளம்புய்யா! இன்னிக்கும் ராகு பாத்துகினு ஒக்காந்தே... காலண்டர கொளுத்திடுவேன்."

உள்ளேயிருந்து அம்மா கத்தினாள். "அவரு கூட போடா! ராகுகிட்ட நான் பேசிக்கிறேன்!"

ஒன்பதரைக்குக் கையெழுத்துப் போட்டேன். முற்பகல். அதுவரை பள்ளி வாசலிலேயே காவல் நின்று, போட்டாயிற்றா என்று கேட்ட பிறகுதான் பஸ் ஏறினார்.

அதே ஆர்டரில் உயர்வு பெற்ற இன்னொரு வாத்தியார், தன் பள்ளியில் மதியம்தான் சேர்ந்தார். இன்றுவரை என்னைவிட அரை நாள் இளையவர். இதைப் படித்துக்கொண்டிருப்பார். வணக்கம், ஜூனியர்.

இன்று வெள்ளி, பதினொரு மணி. சுத்தமான ராகு காலம். அவருக்கென்ன... பேசிக்கொள்வார்.

முற்பகல்.

நீங்க முன்னாடி போங்க சார். நான் மரத்தடியில கொஞ்ச நேரம் ஒக்காந்துட்டு வரேன்.