மூச்சுக் காட்டாத பிள்ளை

பிறர் போட்டுக் கழித்த கம்பளிக் கோட்டுகளின் ஈரவாடையும் பூச்சி உருண்டையின் நெடியும் கலந்து மூக்கை அடைக்கும். ஜெர்மனியின் வுப்பர்டாலில் அகதிகளுக்கென்று ஒதுக்கிய 'ஹைம்' விடுதியில் எங்கள் ஒற்றை அறையின் அலுமாரி அப்படித்தான் மணத்தது. அதற்குள்தான் என் தங்கை துஷி ஒளிந்து பழகினாள்.

பழக்கியவர் அப்பா. யாழ்ப்பாணத்தில் ராணுவத்தின் சப்பாத்துக் கால்கள் வீட்டுக்குள் ஏறிச் சித்தப்பாவை இழுத்துக்கொண்டு போனதைப் பார்த்தவர், இங்கேயும் ஒருநாள் சீருடைக்காரர் வந்து எங்களைத் திருப்பி அனுப்பப்போகிறார்கள் என்று கணக்குப் போட்டிருந்தார். பிள்ளை ஒன்று அகப்படாவிட்டால் குடும்பத்தையே 'பிளேனில்' ஏற்றமாட்டார்களாம். ஹைம் முழுவதும் நம்பிய கதை அது.

"சப்பாத்துச் சத்தம் கேட்டா கோட்டுகளுக்குப் பின்னால போய் இருக்கோணும். பேர் சொல்லிக் கூப்பிட்டாலும் வரப்படாது. பிடிக்க வாறவங்களும் பேர் சொல்லித்தான் கூப்பிடுவாங்கள்" என்பார். நான் தும்மித் தொலைப்பேன், திட்டு விழும். துஷி மூச்சுக் காட்டமாட்டாள். "இவள்தான் எங்களைக் காப்பாத்தப்போறாள்" என்று அப்பா அவளைத் தூக்கிக் கொஞ்சும்போது எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு மத்தியானம், நான் பள்ளிக்கூடத்திலும் அப்பா வெளியிலும் இருந்தபோது, பொதுக் குசினியில் யாரோ அடுப்பில் வைத்த எண்ணெய் தீப்பற்றியது. கீழே உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்த அம்மாவை வெளியே இழுத்துவிட்டார்கள், மாடிக்கு ஏற விடவில்லை. "பிள்ளை மேல நிக்குது! துஷி! துஷி!" என்று அம்மா கத்தியதைக் கேட்டு, தீயணைப்பு வீரர் இருவர் கனத்த சப்பாத்துகளோடு படியேறி, அறை அறையாக அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார்கள். எங்கள் அறையிலும் கூப்பிட்டுக் கட்டிலுக்கடியில் பார்த்துவிட்டு, பதில் வராததால் அடுத்த அறைக்கு ஓடியிருக்கிறார்கள்.

நெருப்பு எங்கள் அறையைத் தொடவே இல்லை. புகையே போதுமாக இருந்தது. திரும்பவும் தேடியபோதுதான் அலுமாரியைத் திறந்தார்களாம். கோட்டுகளுக்குப் பின்னால், தன் வாயைத் தானே பொத்தியபடி துஷி செத்துக் கிடந்தாள்.

நானும் அப்பாவும் வந்து சேர்ந்தபோது அந்த வீரர்களில் ஒருவர் அழுதுகொண்டே அப்பாவிடம் ஏதோ கேட்டார். ஜெர்மன் தெரிந்தவள் என்று என்னை முன்னே தள்ளினார்கள்.

"இவ்வளவு கிட்ட நிண்டு கூப்பிட்டனே, ஏன் பிள்ளை ஒரு சத்தமும் போடேல்லை எண்டு கேக்கிறார், அப்பா."

"தெரியாதெண்டு சொல்லு" என்றார் அப்பா. அப்படியே சொன்னேன். அம்மா அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த ஹைமை இடித்துவிட்டார்கள், இப்போது அங்கே கார்கள் நிற்கின்றன. எதற்கும் முன்கூட்டி ஆயத்தம் செய்வதை அப்பா விட்டுவிட்டார், மழை இருட்டிக்கொண்டு வந்தாலும் குடை எடுப்பதில்லை. எனக்கு அவர்மேல் கோபம் இன்னும் ஆறவில்லை. எங்களைத் திருப்பி அனுப்ப இன்றுவரை ஒருவரும் வரவில்லை.