நல்லதம்பியின் பல்புப் பலகை

மூணாறுக்கு மேலே ஒரு தேயிலை பாக்டரியில் நல்லதம்பி எலக்ட்ரீசியனுக்கு உதவியாள். எலக்ட்ரீசியன் எப்போதும் லீவில் இருந்ததால் இவர்தான் எலக்ட்ரீசியன். சம்பளம் மட்டும் உதவியாளுடையது. படிக்கத் தெரியாது. ‘அபாயம்’ என்ற பலகையை இருபது வருடமாக மண்டையோட்டுக்காகத்தான் மதித்துவந்தார்.

1974-இல் டவுன் பள்ளிக்கூடம் ஒன்று, எஸ்டேட் பிள்ளைகள் ஆறு பேரை விடுதியில் வைத்துப் படிக்கவைப்பதாக அறிவித்தது. உயிரெழுத்து தெரிந்திருக்க வேண்டும் என்பது நிபந்தனை. தெரிந்த பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பதில் அந்தப் பள்ளிக்கு நல்ல பெயர்.

மகள் அழகுத்தாய்க்கு ஐந்து வயது. மனைவி சாந்தம்மாளுக்கு ஏழாம் மாதம். எஸ்டேட் காப்பகத்தில் முன்பு ஒரு பிள்ளையைக் காய்ச்சலுக்குக் கொடுத்தவள், இன்னொன்றை அங்கே விடமாட்டாள். பிறந்ததும் தொட்டிலாட்ட அழகுத்தாய்தான். அதற்குமுன் விடுதிக்குப் போனால்தான் படிப்பு உண்டு.

நல்லதம்பி ஒரு தேயிலைப் பெட்டிப் பலகையை எடுத்தார். இடப்பக்கம் படங்கள், வலப்பக்கம் எழுத்துகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு ஸ்குரூ. பின்னால் டார்ச் பேட்டரி, உச்சியில் சின்ன பல்பு. ஒரு வயரை அணில்மேலும் மற்றதை ‘அ’மேலும் வைத்தால் பல்பு எரியும். தப்பென்றால் எரியாது; அடிக்கவும் செய்யாது. அந்த வகையில் பல வாத்தியார்களுக்கு மேல். எழுத்தும் படமும், தேயிலைப் பெட்டிகள்மேல் எஸ்டேட் மார்க் எழுதும் ஏசுரத்தினத்தின் கைவேலை. அவர் ஒட்டகத்தைப் பார்த்ததில்லை என்பது படத்திலேயே தெரிந்தது.

“அண்ணே, எழுத்த அப்பப்ப எடம் மாத்துங்க. புள்ள எடத்தப் பாத்துத் தொட்டுறப் போவுது” என்றார் அவர்.

“மாத்துனா கனெக்சன் லூசாயிரும்ல. என் வேலையில லூசுன்னு எவனாச்சும் சொல்லியிருக்கானா?”

சொன்னதில்லை. எல்லாவற்றையும் ஈயம் வைத்துப் பற்றவைத்துவிட்டார்.

பத்தே நாளில் அழகுத்தாய் பன்னிரண்டையும் எரியவிட்டாள். “கலெக்டரம்மா வாராக, வழிவிடுங்க!” என்று அடுத்த வீட்டு ராமுத்தாய் கேலி பேசினாள். சாந்தம்மாள் பழைய சேலையில் புத்தகப் பை தைத்தாள்.

பள்ளியில் டீச்சர் புத்தகத்தை விரித்தார். “‘இ’ எங்க இருக்கு?”

அழகுத்தாய் பக்கத்தின் வலது ஓரத்தில், மேலிருந்து மூன்றாவது இடத்தில் விரலை வைத்தாள். அங்கே வெறும் காகிதம். நிமிர்ந்து டீச்சரின் நெற்றியைப் பார்த்தாள். எதுவும் எரியவில்லை.

டீச்சர் ‘ஊ’வைத் தொட்டார். “இது?”

“எத்தனாவது ஸ்குரூ, டீச்சர்?”

“அடுத்த வருசம் கூட்டிட்டு வாங்க” என்று டீச்சர் அன்பாகத்தான் சொன்னார். வருடங்கள் அவரிடம் நிறைய இருந்தன.

திரும்பும் ஜீப்பில் மகள் சொன்னாள்: “அப்பா, அந்தப் புஸ்தகத்துல கனெக்சனே இல்லப்பா.”

நல்லதம்பி அன்றே ஈயத்தை உருக்கி வயர்களைப் பிரித்தார். எழுத்தை எங்கே மாட்டினாலும் எரியும்படி கொக்கிகள் வைத்தார். வேலைக்கு நடுவே அது முடிய நாலு மாதம் ஆயிற்று. அதற்குள் பையன் பிறந்து, சாந்தம்மாள் கொழுந்தெடுக்கத் திரும்பிவிட்டாள். அழகுத்தாய்க்கு ஆறு வயதிலேயே நிரந்தர வேலை. எஸ்டேட்டில் பெரியவர்களுக்கே அது லேசில் கிடைக்காது.

“தாயி, இப்ப எழுத்து எங்க போனாலும் எரியும். ஒண்ணே ஒண்ணு தொடு.”

தொட்டில் கயிற்றை விடாமல் அவள் வேண்டாமென்று தலையசைத்தாள்.

“எரிய விடாதீங்கப்பா. தம்பி முழிச்சுக்குவான்.”