கடைசி ரீல் தொலைந்த தலைவர்

ஊமைப் படத்துக்குப் பக்கத்தில் நின்று மைக்கில் கதை சொல்வது லேசான தொழில் என்று நினைப்பவர்கள் ஒரு நாள் வந்து நின்று பார்க்கட்டும். என்னைப் போலவே மைக் பிடித்துப் பிழைக்கிற அறிவிப்பாளர்களான உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அந்தக் காலத்து ஜப்பானில் இதற்கென்றே ஆட்கள் இருந்தார்களாம். சித்தூர்ப் பக்கம் நான் ஒருத்திதான். ஆட்டோவில் புடவைத் தள்ளுபடி அறிவித்துக்கொண்டிருந்த என்னை, ஊர் ஊராகப் பழைய படம் காட்டும் ஒரு சங்கம் கூப்பிட்டுக்கொண்டது.

திருப்பதி

ஜப்பான் படம், பழங்காலக் கதை. கோட்டையை எதிரி வளைக்கிறான். ஊர் ஜனங்களைப் பத்திரமாக வெளியேற்றும்படி வீரர்களை அனுப்பிவிட்டு, தலைவர் தனியாக வாசலில் நிற்கிறார். அதோடு சரி. கடைசி ரீல் ஜப்பானிலேயே தொலைந்துவிட்டது.

விளக்கு போட்டும் யாரும் எழவில்லை. “முடிவு தெரியாம பஸ்ல போய்க்கினு இருந்தா நிம்மதியா இருக்குமா?” என்று ஒரு பெரியவர் சண்டைக்கே வந்தார். சங்கச் செயலாளர் என்னைத் தனியே கூப்பிட்டார். “இன்னொரு வாட்டி இப்படி ஆச்சுன்னா மைக்கே வேணாம்மா, மியூசிக் போட்டு ஓட்டிக்கறோம்.”

பாகாலா

அங்கேயும் அதே படம். ஆள் அடையாளம் தெரியட்டும் என்று தலைவரைத் தமிழிலும், அவரைக் காட்டிக்கொடுக்கிற மந்திரியைத் தெலுங்கிலும் பேச வைத்தேன். பின்வரிசைத் தெலுங்குக்காரர்களிடம் முணுமுணுப்பு. மந்திரியைத் தமிழுக்கு மாற்றினேன். இப்போது முன்வரிசைத் தமிழ்க்காரர்களிடம் முணுமுணுப்பு. கடைசியில் எல்லோரையும் இரண்டு பாஷையிலும் பேசவிட்டேன், கூட்டம் அடங்கியது. ரயிலுக்கு நேரமாகிவிட்டதால் முடிவை யாரும் கேட்கவில்லை. போகிற போக்கில் ஒரு ரயில்வே ஊழியர் மட்டும் சொன்னார்: “இப்பதாம்மா சரி. நம்ம ஊர்ல துரோகம் பண்றவனும் ரெண்டு பாஷையும் பேசுவான்.”

குடிபாலா

கூலி வேலை முடித்து வந்த பெண்கள் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். தலைவர் வாசலில் நின்றார், திரை வெள்ளையானது. மைக்கை வைத்துவிடச் சொல்லிச் செயலாளர் கை காட்டினார். ஆனாலும் அத்தனை முகங்களை அப்படியே விட்டுவிட்டு இறங்க முடியவில்லை.

“இதுக்கு மேல படம் இல்லீங்க. ஜனங்க தப்பிச்சுட்டாங்க. அந்த வீரர்கள் அப்புறம் என்ன செஞ்சிருப்பாங்க?” என்று மைக்கிலேயே கேட்டேன். முன்னால் இருந்த ஒரு பெண் முந்தானையை உதறிக்கொண்டு எழுந்தாள். “திரும்பி வந்துருப்பாங்கம்மா. அவரை அங்க தனியா வுட்டுட்டு இவங்களுக்கு எப்படி சோறு துன்ன மனசு வரும்?”

அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு, வெறும் திரைக்குப் பக்கத்தில் நின்றபடியே வீரர்களை ஒவ்வொருவராக வாசலுக்குத் திரும்ப வரவழைத்தேன். முதலில் கைதட்டியவர் செயலாளர்தான். பெருமையாக இருந்தது, இன்னும் இருக்கிறது.

ஜப்பானில் தொலைந்துபோன அந்தத் தலைவர், குடிபாலா புண்ணியத்தில், இப்போது சித்தூர்ப் பக்கம் எந்தக் காட்சியிலும் தனியாக நிற்பதில்லை.