பாலைமரத்துக் குழை

நீர்ப்பாசனக் கந்தோரில் எனக்குப் படம் வரைகிற வேலை. யாழ்ப்பாணத்திலிருந்து இடம்பெயர்ந்தபோது மற்றவர்கள் தையல் மெஷினையும் நகைப் பெட்டியையும் தூக்கிக்கொண்டு வர, நான் ஒரு பழைய நிலப்படத்தைச் சுருட்டி சைக்கிள் பாரில் கட்டிக்கொண்டு வந்தேன். என் மனைவி அதை இன்றைக்கும் நாலு பேர் முன்னால் சொல்லிக் காட்டுவாள். வெள்ளைக்காரன் காலத்து அச்சு அது. வன்னிக் காட்டுக்குள்ளே சின்னச் சின்ன நீல வளையங்கள் போட்டு, பக்கத்தில் அழிந்த குளம் என்று பொடி ஆங்கில எழுத்தில் குறித்திருக்கும். உடையார்கட்டில் கொட்டில் போட்டு இருந்த வருடங்களில் அந்த வளையங்களை ஒவ்வொன்றாகத் தேடிப் போவது எனக்குப் பழக்கமாகிவிட்டது. சிலருக்குக் கள்ளு, எனக்கு இது.

போனால் பெரும்பாலும் ஒன்றும் இராது. பாலையும் வீரையும் வளர்ந்து மூடிய ஒரு மண் கட்டு, அதன் மேல் யானை போன தடம், அவ்வளவுதான். சில இடங்களில் செங்கல் கிடக்கும். இரண்டொரு இடத்தில் பாதி புதைந்த கல்தூண்களைக் கண்டிருக்கிறேன். கட்டியது யாரென்று மூன்று பேரைக் கேட்டால் நாலு பதில் வரும். வன்னியச் சிற்றரசர்கள் என்பார் ஒருவர், பூதம் ஒரே இரவில் கட்டியது என்பார் இன்னொருவர். நான் அளந்து, கொப்பியில் கீறிக்கொண்டு வருவேன். யாருக்கும் பிரயோசனமில்லாத வேலை. ஆனாலும் அந்தக் கொப்பியைத் திறந்தால் எனக்கு ஒரு பெருமை வரும். அந்தப் பெருமைதான் பிறகு என்னை மாட்டிவிட்டது.

இரண்டாயிரமாம் ஆண்டு, சண்டை வடக்கே விலகிப் போய், பரந்தன் பக்கம் ஆட்கள் திரும்பக் குடியேறத் தொடங்கியபோது, வாய்க்கால் திருத்த வேலைக்காக எங்களையும் முரசுமோட்டைக்கு அனுப்பினார்கள். ஊர் என்று சொல்ல ஊர் இருக்கவில்லை. சுவர் இருந்த வீட்டுக்குக் கூரை இல்லை. தென்னைகள் தலையில்லாமல் நின்றன. வயலுக்குள் கால் வைக்கிறவன் முதலில் நிலத்தைப் பார்த்தான், பிறகுதான் வானத்தைப் பார்த்தான். மிதிவெடி எடுக்கிறவர்கள் வீதியோரமும் வீட்டு வளவுகளும் பார்த்து முடித்திருந்தார்கள். வயலுக்கு அப்பால் தொடங்குகிற காட்டை அவர்கள் இன்னும் தொடவில்லை.

நான் தங்கிய வளவுக்கு அடுத்த வளவுக்காரர் மலைநாட்டிலிருந்து வந்தவர். தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, கலவரத்தில் அடிபட்டு, சின்ன வயதிலேயே பெற்றோரோடு வன்னிக்கு வந்து சேர்ந்தவர். என் வயதுதான் இருக்கும். ஆனாலும் என்னை ஐயா என்றுதான் கூப்பிடுவார். வேண்டாமென்று சொல்லிச் சொல்லி நான்தான் களைத்தேன். மாடு தேடித் தேடியே அந்தக் காட்டின் மூலை முடுக்கெல்லாம் அறிந்தவர். ஒருநாள் என் படத்தை விரித்துக் காட்டியபோது ஒரு வளையத்தின் மேல் விரலை வைத்தார்.

"இங்க ஒரு துருசு இருக்குங்க ஐயா. தண்ணி போறதுக்கு வச்ச கல்லு. அதுல எழுத்து மாதிரி என்னமோ வெட்டியிருக்கு. அது மேல குந்தி எத்தனையோ தடவ சோறு தின்னிருக்கேன்."

எனக்கு உடம்பு சிலிர்த்தது. எழுத்துள்ள கல்! அதுவரை நான் கண்ட எந்தக் கல்லிலும் ஒரு கீறல்கூட இருந்ததில்லை.

"எப்ப போவம்?" என்றேன்.

"இப்ப கூடாதுங்க. ஆமி காவலரண் இருந்த பக்கம், வெடி பொதச்சிருப்பாங்க. துப்புரவு பண்றவங்க வந்து பாக்கட்டும். நான் சொல்ற வரைக்கும் அங்கிட்டு போயிராதீங்க."

தலையை ஆட்டினேன். இரண்டு கிழமை பொறுத்தேன். ஆசை வெட்கமறியாது என்பார்கள். என் ஆசைக்குப் பயமும் தெரியவில்லை. நான் போவதற்குள் வேறு யாராவது அந்தக் கல்லைப் படியெடுத்துவிடுவார்களோ என்றுதான் கவலைப்பட்டேன். அந்த நாளில் அந்தக் காட்டில் கல்லெழுத்துப் பார்க்க யார் அலைந்தார்கள் என்று இப்போது கேட்டால் சிரிப்புத்தான் வருகிறது.

ஒரு பின்னேரம், வாய்க்கால் அளக்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் புறப்பட்டேன். வயல் முடிந்து காடு தொடங்குகிற இடத்தில் ஒரு பெரிய பாலை நிற்கும். வன்னியில் காட்டுக்குள் போகிற எவரும் வாசலில் நிற்கிற மரத்தில் இலையோடு ஒரு குழை முறித்துக் கொளுவிவிட்டுத்தான் போவார்கள். அது ஐயனாருக்கு. பாம்பு, கரடி, வழி தவறுதல் எல்லாவற்றிலிருந்தும் அவர் காப்பார். ஐயனாரை நம்பாதவர்களுக்கும் அதில் ஒரு பயன் இருந்தது. குழை பச்சையாக இருந்தால் இன்றோ நேற்றோ ஓர் ஆள் உள்ளே போயிருக்கிறார், பாதை பாவனையில் இருக்கிறது என்று பின்னால் வருகிறவர் அறிந்துகொள்வார். அன்றைக்கு அந்த மரத்தில் தொங்கியவை எல்லாம் பழைய சருகுகள். தொட்டால் பொடிந்தன. வருடக்கணக்காக ஒருவரும் போகவில்லை.

அதைப் பார்த்தும் நான் திரும்பவில்லை. ஒரு கொப்பை முறித்துக் கொளுவினேன். கடவுள் நம்பிக்கை எனக்குக் குறைவு. ஆனால் காட்டு வாசலில் எல்லோரும் பக்தர்தான்.

நூறடி போயிருப்பேன். காடு சத்தமில்லாமல் இருந்தது. குருவிச் சத்தம்கூட இல்லை. பாதையின் நடுவில், பானை வைக்கிற அளவில் ஒரு குழி. சுற்றிவர மண் கருகிக் கிடந்தது. பக்கத்துப் பற்றையில் பன்றி மயிர் ஒட்டியிருந்தது, இலையான்கள் மொய்த்தன. பன்றி மிதித்த வெடி. வந்த என் காலடித் தடங்களிலேயே பின்னுக்கு ஒவ்வொன்றாகக் கால் வைத்து, கும்பிடாத தெய்வத்தையெல்லாம் கும்பிட்டுக்கொண்டு வெளியே வந்தேன்.

பாலைமரத்தில் என் குழை தொங்கியது. எடுத்து எறிந்துவிட்டுப் போகலாமா என்று ஒரு கணம் யோசித்தேன். தெய்வத்துக்குப் போட்டதைத் திருப்பி எடுக்க என் கை எழவில்லை. அவ்வளவுதான் காரணம். விட்டுவிட்டு வந்தேன்.

பொழுதுபடுகிற நேரம் அடுத்த வளவுக்காரர் வேலியோரம் வந்து நின்றார். ஏர் மாடு இரண்டில் ஒன்றைக் காணவில்லை. மழை வரப்போகிறது, விதைப்புக்கு முன் இரண்டு உழவாவது உழ வேண்டும்.

"காட்டுப் பக்கம் போயிருச்சோ என்னமோ. நீங்க எங்கயாச்சும் பாத்தீங்களா ஐயா?"

இப்போதுதான் சொல்லியிருக்க வேண்டும். அந்தப் பாதையில் வெடி கிடக்கிறது, நான் கண்ணால் கண்டேன் என்று. சொன்னால் நான் அங்கே போனது தெரிந்துவிடும். தலையாட்டிவிட்டு ஏமாற்றியவன் என்று அந்த மனுசன் நினைப்பாரே என்று வெட்கமாக இருந்தது. அவர்தான் என்னையே தடுத்தவராயிற்றே, அவர் அங்கே போகமாட்டார் என்று எனக்கு நானே சமாதானம் சொன்னேன். நாளைக்கு ஆறுதலாகச் சொல்லலாம்.

"நான் காணேல்லை. மாடு எங்கை போகப்போகுது, விடிய வந்திடும்" என்றேன்.

மாடு வரவில்லை. விடியக் காலை, நான் பல் விளக்கிக்கொண்டு நின்றபோது, தெற்கே, காட்டுப் பக்கம், ஒரு வெடிச் சத்தம் கேட்டது. ஒன்றே ஒன்று. பல் விளக்கிய கரியைத் துப்ப மறந்து நின்றேன். எனக்குத் தெரிந்துவிட்டது.

காட்டோரம் விறகு வெட்டிக்கொண்டிருந்த இரண்டு பேர்தான் அவரைச் சாக்கில் கிடத்தித் தூக்கி வந்தார்கள். வலது கால் கணுக்காலுக்குக் கீழே இல்லை. உழவு மெஷின் பெட்டியில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். வழி நெடுக அந்த விறகுவெட்டிகளில் ஒருவர் ஒரே கதையைத் திரும்பத் திரும்பச் சொன்னார்.

"காப்பாத்துங்கோ எண்டு இந்த மனுசன் ஒருக்காலும் கத்தேல்லை. முன்னாலை போறவரே, நில்லுங்கோ, காலை வையாதையுங்கோ எண்டுதான் கத்திக்கொண்டு கிடந்தது. உள்ளுக்கு ஆரோ நிக்கினம்."

நான் பெட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு ரோட்டைப் பார்த்தேன். அப்போதும் வாய் திறக்கவில்லை. அதை எழுதும்போது இன்றைக்கும் எனக்கு என் மேலேயே அருவருப்பாக இருக்கிறது.

மத்தியானம் கடந்து அவருடைய மனைவி வார்ட்டிலிருந்து வெளியே வந்தார். அழுது ஓய்ந்த முகம்.

"அவரு உங்களத்தான் கேக்குறாரு ஐயா."

அந்த அம்மாவின் பின்னால் உள்ளே போனேன். காலடிப் பக்கம் துணி மூடிக் கட்டியிருந்தார்கள். மருந்து மயக்கத்திலும் அவர் என் கையை எட்டிப் பிடித்தார். பிடி பலமாக இருந்தது.

"கொழ பச்சையா கெடந்துச்சுங்க. யாரோ போயிருக்காங்க, வழி நல்லா இருக்குன்னு நெனச்சுத்தான் போனேன். அந்த ஆளு வந்துருச்சா?"

நான் துணி மூடிய அந்தக் காலடிப் பக்கத்தைப் பார்த்தேன்.

"வரலன்னா உள்ளதான் கெடக்கும். புள்ளகுட்டிக்காரனா இருக்கும். எந்தம்பியும் இன்னும் ரெண்டு பேரும் தேடக் கெளம்புறாங்க. உங்ககிட்டத்தான் படம் இருக்கே. எங்கிட்டு போனா வெடி இல்லன்னு அவங்களுக்கு வழி சொல்லுங்க ஐயா."

அவருடைய தம்பிக்கு இருபத்திரண்டு வயது. அதற்கு முந்திய மாதம்தான் கலியாணம் முடித்தவன்.

"தேட வேண்டாம்" என்றேன். என் குரல் எனக்கே யாருடையதோ போலக் கேட்டது. "உள்ளுக்கு ஒருத்தரும் இல்லை. அந்தக் குழை நான் போட்டது. கொஞ்சத் தூரம் போய்ப் பயத்திலை திரும்பி வந்திட்டன். நேற்றுப் பின்னேரம்."

அவர் மனைவி என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையை நான் எழுதப்போவதில்லை. கட்டிலில் கிடந்தவர் என்னைப் பார்க்கவில்லை, மனைவி பக்கம் தலையைத் திருப்பி, "ஓடு. தம்பிய நிறுத்து. யாரையாச்சும் சைக்கிள்ல அனுப்பு" என்றார். மனைவி ஓடினார்.

பிறகு நாங்கள் இரண்டு பேரும்தான்.

"அப்ப உள்ள யாரும் இல்லீங்களா?"

"இல்லை."

"நெசமா?"

"ஓம். ஒருத்தரும் இல்லை."

அவர் நீளமாக ஒரு மூச்சு விட்டார். "நல்ல வேள" என்றார். விடியலிலிருந்து இறுகிக் கிடந்த முகம் கொஞ்சம் தளர்ந்தது. கண்ணை மூடினார். நித்திரைதான் என்று நினைத்தேன். சிறிது நேரம் கழித்து, கண்ணைத் திறக்காமலே, என் கையைப் பிடித்திருந்த தன் கையை எடுத்துப் போர்வைக்குள் வைத்துக்கொண்டார்.