காரணம் எழுதப்படாத ஓர் ஒத்திவைப்பு

1. நான், இராசையா யோகநாதன், டென்மார்க்கின் இக்காஸ்ட் நகரில் வசிப்பவன். சட்டம் படித்தவன். ஒரு நகரசபை அலுவலகத்தில் சட்ட ஆலோசகராகப் பணிபுரிகிறேன்.

2. இந்நாட்டில் வாழும் நம்மவரின் கல்லூரிப் பழைய மாணவர் அணிகள் ஆண்டுதோறும் ஆடும் உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டியில், ஆட்ட நாட்களைத் தீர்மானிக்கும் பொறுப்பு ஒன்பது ஆண்டுகளாக என்னிடம் உள்ளது. ஆட்டம் ஒன்று ஒத்திவைக்கப்பட்டால், அந்த அறிவித்தலின் கீழ் இருப்பது என் கையொப்பமே.

3. நான் கண்டதையும் என் காதால் கேட்டதையும் கீழே எழுதுகிறேன். பிறர் சொல்லி அறிந்ததை அவ்வாறே குறிப்பிடுகிறேன். றோசலின் அக்காவை அறிந்தவர்களுக்காக, குறிப்பாக அவருடைய பஸ்ஸில் வந்தவர்களுக்காக, இதை எழுதுகிறேன்.

செவ்வாய்க்கிழமை முற்பகல் அலுவலகக் கூட்டம் ஒன்றில் இருந்தபோது பிலிப் அண்ணையின் எண்ணிலிருந்து இரண்டு தடவை அழைப்பு வந்தது. அவர் றோசலின் அக்காவின் கணவர். எனக்கு அழைப்பு எடுக்கும் வழக்கம் அவருக்கு இல்லை. வெளியே வந்து எடுத்தேன்.

"தம்பி, பிலிப் கதைக்கிறன். றோசலின் போட்டா."

காலையில் வேலைக்குப் புறப்படச் சப்பாத்துப் போட்டுக்கொண்டிருந்தபோது சாய்ந்தாராம். அம்புலன்ஸ் வந்தபோது இருதயம் நின்றுவிட்டிருந்தது. நான் சொன்ன ஆறுதல் எதுவும் இப்போது நினைவில் இல்லை. பிலிப் அண்ணை அடுத்துக் கேட்டது மட்டும் நினைவில் இருக்கிறது. "சனிக்கிழமை ஆட்டமெல்லோ. இனிச் சனத்துக்கு ஆர் எடுத்துச் சொல்லுறது?"

றோசலின் அக்காவுக்கு அறுபத்தொரு வயது. கோபன்ஹேகனை அடுத்த டோஸ்ட்ருப்பில் வசித்தார். முதியோர் இல்லம் ஒன்றில் பராமரிப்பாளராக வேலை செய்தார். மன்னார்ப் பக்கக் கல்லூரி ஒன்றின் பழைய மாணவர் அணிக்கு ஆதரவாளர்களை ஏற்றிவரும் பஸ்ஸை ஒழுங்கு செய்தவர் அவரே. ஐம்பத்திரண்டு ஆசனங்கள். யார் எங்கே ஏறுவார், யாருக்கு மரக்கறிச் சாப்பாடு, யாருக்கு முழங்கால் வருத்தம் என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். அந்தக் கல்லூரியில் நீங்கள் படித்தீர்களா என்று ஒருமுறை கேட்டேன். "நான் அங்க படிக்கேல்லைத் தம்பி. அங்க படிச்ச ஒருத்தரைக் கட்டினன். அந்தத் தண்டனைக்குத்தான் இத்தினை வருசமாய்ச் சத்தம் போடுறன்" என்றார். பக்கத்தில் நின்ற பிலிப் அண்ணை, "நான் படிச்ச காலத்தில எங்கட அணி தோத்துக்கொண்டுதான் இருந்தது. இவ வந்தாப்பிறகும் அதுதான்" என்றார்.

முதன்முதலில் றோசலின் அக்காவுடன் கதைத்தது ஒரு மார்ச் மாதக் காலையில். இரவு வெப்பநிலை பூச்சியத்துக்குக் கீழே இறங்கி, மைதானம் கல்லாக உறைந்திருந்தது. ஏழு மணி கடந்ததும் ஒத்திவைப்பு அறிவித்தலை அனுப்பினேன். விதிப்படி அது போதுமானது. கோபன்ஹேகன் பக்கத்திலிருந்து வருபவர்கள் ஆறு மணிக்கே புறப்பட்டுவிடுவார்கள் என்பதை நான் கணக்கில் எடுக்கவில்லை. தொலைபேசி ஒலித்தது.

"தம்பி, நான் றோசலின், பஸ்ஸில இருந்து. கடலுக்கு மேல பாலத்தில வந்துகொண்டிருக்கிறம்."

"ஆட்டம் ஒத்திவைச்சாச்சு அக்கா. மைதானம் உறைஞ்சு போச்சு."

"நல்லது. பாலத்தையும் ஒத்திவைக்க ஏலுமோ? இஞ்ச திருப்ப இடமில்லை."

அவர்கள் திரும்பிப் போகவில்லை. பத்து மணிக்கு மைதானத்துக்கு வந்து சேர்ந்தார்கள். ஏச்சு வாங்கத் தயாராக நின்றேன். றோசலின் அக்கா எல்லோரையும் ஆடுகளக் கோட்டுக்கு உள்ளே அழைத்துப் போய், "காலால உதைச்சுப் பாருங்கோ" என்றார். வயதானவர்கள்கூட உதைத்துப் பார்த்தார்கள். "அப்புக்காத்துத் தம்பி பொய் சொல்லேல்லை. இதில விழுந்தால் பெடியளின்ர கால் முறியும்" என்றார். நான் வழக்கறிஞர் அல்லன். ஆனாலும் அன்றிலிருந்து அவருக்கு நான் அப்புக்காத்துத் தம்பிதான். கொண்டுவந்த இடியப்பத்தை உடைமாற்றும் அறையில் வைத்துச் சாப்பிட்டுவிட்டு, ஒருவரும் முகம் சுளிக்காமல் அந்தக் கூட்டம் திரும்பிப் போனது.

போகுமுன் என்னைத் தனியே கூப்பிட்டுச் சிலரைக் காட்டினார். ஒருவர் இறைச்சித் தொழிற்சாலையில் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளைக் கொடுத்து இந்தச் சனிக்கிழமையை வாங்கியவர். இன்னொரு பெண் தன் மகளின் பிறந்தநாளை அடுத்த கிழமைக்கு மாற்றியவர். "நீர் ஒரு ஆட்டத்தைத்தான் தள்ளுறீர். இவையள் ஒவ்வொருத்தரும் ஒரு நாளைத் தள்ளவேணும்" என்றார்.

அடுத்த ஆண்டு நடுவர் ஒருவர் கடைசி நேரத்தில் வரமுடியாமற் போனார். அவருடைய பெயரைக் கெடுக்க விரும்பாமல், நம்மவர் அறிவித்தல்களில் வழக்கமாக எழுதப்படும் தொடரையே எழுதினேன்: தவிர்க்க முடியாத காரணங்களால் ஆட்டம் ஒத்திவைக்கப்படுகிறது. ஐந்து நிமிடத்தில் றோசலின் அக்கா அழைத்தார்.

"இதென்ன எழுதியிருக்கிறீர்? கலியாணம் நிண்டாலும் இதைத்தான் எழுதுகினம், கூட்டத்துக்கு ஆள் வராட்டிலும் இதைத்தான் எழுதுகினம். காரணத்தைச் சொன்னால் சனம் பொறுக்கும். சொல்லாட்டில் சனம் தானே ஒரு காரணம் செய்யும். அது ஆரோ ஒராளின்ர தலையில விழும்."

இனி அந்தத் தொடரை எழுதமாட்டேன் என்று அவருக்கு வாக்குக் கொடுத்தேன். அதன்பின் புயலால் பாலம் மூடப்பட்டபோதும், வீரர் ஒருவரின் தந்தை இறந்தபோதும் காரணம் எழுதப்பட்டது. அறிவித்தலைக் குழுவில் போட்டால் போதாதா என்று கேட்டபோது, "குறூப்பில போட்டால் அது அறிவித்தல். எடுத்துச் சொன்னால்தான் மரியாதை" என்றார். ஐம்பத்திரண்டு பேருக்கும் அவரே அழைத்துச் சொல்வார்.

இனி எழுதப்போவது இந்த ஆண்டின் இறுதியாட்டம் பற்றியது. றோசலின் அக்கா இறக்கும்வரை இதை நான் யாரிடமும் கூறவில்லை.

நம்மவருக்கு ஆட்ட நாளைத் திகதி சொல்லி அறிவிக்கிறோம். மைதானத்துக்கான விண்ணப்பத்திலோ இந்நாட்டு வழக்கப்படி ஆண்டின் எத்தனையாவது வாரம் என்று எழுதவேண்டும். இறுதியாட்டம் முப்பத்தெட்டாம் வாரத்துச் சனிக்கிழமையில். விண்ணப்பத்தில் நான் எழுதியது முப்பத்தேழு. ஆட்டத்துக்கு முதல் நாள், வெள்ளிக்கிழமை பிற்பகல், உடைமாற்றும் அறைப் பூட்டின் திறப்பு வாங்குவது பற்றி மைதானப் பொறுப்பாளரை அழைத்தேன். அவர் மரியாதையாகச் சொன்னார்: "நீங்கள் போன சனிக்கிழமை வரவில்லையே. கோடு போட்டு வைத்திருந்தோம்." மறுநாளுக்கு மைதானம் வேறொரு கழகத்துக்குக் கொடுக்கப்பட்டிருந்தது. அன்று மாலைவரை தேடியும் வேறு மைதானம் கிடைக்கவில்லை.

பிறருடைய ஆவணங்களில் இத்தகைய பிழைகளைக் கண்டுபிடிப்பதுதான் என் தொழில். அறிவித்தலை எழுத உட்கார்ந்தேன். தவிர்க்க முடியாத காரணங்களால் என்று எழுதி, மூன்று வாரம் தள்ளிப் புதிய நாள் குறித்து, கையொப்பமிட்டு அனுப்பினேன்.

றோசலின் அக்கா உடனே அழைத்தார். "காரணம்?"

"நிர்வாகக் காரணம் அக்கா."

அவர் பேசவில்லை. நானும் பேசவில்லை. பின்பு, "சரி. அப்ப எனக்குத் தெரியாதெண்டே சொல்லுறன்" என்று வைத்துவிட்டார். அன்று ஐம்பத்திரண்டு பேரும் அவரிடம் காரணம் கேட்டிருப்பார்கள். ஐம்பத்திரண்டு தடவை அவர் தெரியாது என்று சொல்லியிருப்பார்.

திங்கட்கிழமைக்குள் சனம் ஒரு காரணத்தைச் செய்துவிட்டது. மன்னார் அணியின் கோல் காப்பாளருக்குக் கால் பிசகியிருந்தது. அது உண்மை. அவர் குணமாகும்வரை ஆட்டத்தைத் தள்ளச்சொல்லி றோசலின் அக்கா என்னிடம் கேட்டார் என்றும், பழக்கத்துக்காக நான் தள்ளினேன் என்றும் கதை பரவியது. அந்தக் கதை என் தொலைபேசிக்கும் வந்தது. படித்தேன். மறுப்பு எழுதினால் விவாதம் வளரும். ஆட்டம் நடந்துவிட்டால் எல்லாம் அடங்கும் என்று முடிவு செய்தேன். அந்த முடிவுக்கு நிதானம் என்று பெயர் வைத்துக்கொண்டேன். றோசலின் அக்கா என்னை மீண்டும் அழைக்கவில்லை. அறிவித்தல் போன பதினெட்டாம் நாள் இறந்துபோனார்.

நல்லடக்கத்தின் பின் தேவாலய மண்டபத்தில் தேநீர் கொடுத்தார்கள். பிலிப் அண்ணை என் பக்கத்தில் வந்து அமர்ந்தார். அவர் குற்றம் சாட்ட வரவில்லை. மனைவியைப் பற்றிக் கதைக்க வந்தார். இது அவர் சொல்லி நான் அறிந்தது: "அந்தச் சனிக்கிழமை லீவுக்காக நத்தார் இரவு வேலைக்கு நிக்கிறனெண்டு எழுதிக் குடுத்தவ. பிறகு நீங்கள் தள்ளினபடியால், இந்தச் சனிக்கிழமைக்கு வருசப் பிறப்பையும் குடுத்தவ. பாலன் பிறப்புப் பூசைக்கும் போகேலாதே எண்டு நான் பேசினனான். இறுதியாட்டம் தம்பி, விடேலுமோ எண்டாள். என்னையும் தம்பி எண்டுதான் சொல்லுவாள், கோவம் வந்தால்."

நான் சிரிக்கவேண்டும் என்றே அவர் அதைச் சொன்னார். நான் சிரிக்கவில்லை. அவரிடம் அங்கேயே உண்மையைச் சொன்னேன். அவர் கோப்பையைக் கீழே வைத்தார். பின்பு, சட்டைப்பையிலிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்துத் தந்தார். ஐம்பத்திரண்டு பெயர்களும் எண்களும். "எனக்குச் சொன்னது காணாது. இவையளுக்கும் நீர்தான் சொல்லவேணும்" என்றார்.

இறுதியாட்டம் அவருடைய முப்பத்தோராம் நாள் நினைவு கழியும்வரை ஒத்திவைக்கப்பட்டது. அறிவித்தலில் காரணம் எழுதப்பட்டது: றோசலின் பிலிப் அவர்களின் மறைவு. அடுத்து, மூன்று மாலைகள் உட்கார்ந்து ஒவ்வொருவராக அழைத்தேன். இந்த ஒத்திவைப்பின் காரணத்தையும், முந்திய ஒத்திவைப்பின் காரணத்தையும் சொன்னேன். சிலர் பரவாயில்லை என்றார்கள். ஒருவர் இடையிலேயே வைத்துவிட்டார். இன்னொருவர், "வாரத்தை எண்ணத் தெரியாத ஆளையோ நகரசபையில வைச்சிருக்கினம்" என்று கேட்டார். அது நியாயமான கேள்வி.

ஹ்விடோவ்ரேயில் வசிக்கும் தவமணி அக்கா முழுவதையும் கேட்டார்.

"அப்ப கோல் காப்பாளரின்ர காலுக்காக இல்லை?"

"இல்லை அக்கா. முழுக்க என்ர பிழை."

"நான் அவவைக் கடையில கண்டு கேட்டனான் தம்பி. உங்கட பெடியன்ர கால் எப்ப சுகமாகும், எப்ப எங்களை ஏத்துவியள் எண்டு. நாலு பேருக்கு முன்னால."

"அவ என்ன சொன்னவ?"

"ஒண்டும் சொல்லேல்லை. இந்தமுறையும் உங்களுக்கு மரக்கறிச் சாப்பாடுதானே எண்டு கேட்டவ." பின்பு அவர் கேட்டார்: "நீர் அவவுக்கு உண்மையைச் சொன்னனீரோ?"

"இல்லை."

"எடுத்திருக்கலாமே. பதினெட்டு நாள் இருந்ததே."

"ஓம் அக்கா. இருந்தது."

றோசலின் அக்காவிடமிருந்து எனக்கு மிஞ்சியவற்றைப் பெயர் சொல்லிக் குறிப்பிட வேண்டும். பெயர்ப்பட்டியல் மிஞ்சியிருக்கிறது. இனி அழைத்துச் சொல்லும் வேலை என்னுடையது என்று பிலிப் அண்ணையிடம் ஒப்புக்கொண்டுள்ளேன். ஆனால் உண்மையில் நான் வைத்திருப்பது வேறொன்று. காரணம் என்னவென்று கேட்டுவிட்டு, தொலைபேசியின் மறுமுனையில் அவர் பேசாமல் இருந்த சில கணங்கள். பத்து வினாடிகள் இருக்கலாம். அவருக்கு நேரமில்லாத மாலை அது. ஐம்பத்திரண்டு பேர் காத்திருந்தார்கள். இருந்தும் நான் சொல்வதற்காக அவர் காத்திருந்தார். அந்த நேரத்தை எனக்குத் தந்தவர் அவர். அதைப் பயன்படுத்தாமல் விட்டவன் நான்.

மேலே உள்ளவை யாவும் நான் அறிந்தவரை உண்மை.

(ஒப்பம்) இராசையா யோகநாதன், இக்காஸ்ட்

படிக்கக் கேட்டு ஒப்பமிட்ட சாட்சிகள்:
சூசை பிலிப், டோஸ்ட்ருப்
தவமணி கணேசலிங்கம், ஹ்விடோவ்ரே