நாரை கலையாத குரல்

சட்டைக் காலருக்குக் கீழே குத்துகிற அந்தச் சின்ன மைக்கை அவருக்கு எத்தனை முறை மாட்டியிருப்பேன்! காட்டு விலங்குகளையும் பறவைகளையும் பற்றி டிவியில் பேசிப் பேர் வாங்கியவர் சார். நான் அவருடைய ஒலிப்பதிவுக்காரன். ஊசுட்டேரிக் கரையில் புதருக்குள் குத்தவைத்து, "பாருங்க... நம்மளப் பாத்துடுச்சு" என்று கிசுகிசுப்பார். பக்கத்தில் நிற்கும் கேமராமேனுக்கே கேட்காது. என் ஹெட்போனில் மட்டும் காதுக்குள் உட்கார்ந்து பேசுவதுபோல் கேட்கும். ஒரு நாரைகூடக் கலையாது. அந்தக் குரலுக்காகத்தான் ஊரே டிவி முன்னால் உட்கார்ந்தது.

கஷ்டம் என்னவென்றால், மனுஷர் வீட்டிலும் அப்படியே பேசப் பழகிவிட்டார். வருஷத்தில் பாதி நாள் காட்டில். மீதி நாள் புதுச்சேரியில், உப்பளம் பக்கத்து வீட்டில் இருந்தும் இல்லாத மாதிரி. அவர் மனைவியை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். பாரீசிலிருந்து மகள் போன் செய்தால் அக்காதான் கத்துவார்: "உங்கப்பா என்னமோ முணுமுணுக்கறாரு, சாப்ட்டியான்னு கேக்கறாரு!" அவர் சொன்னது பாதி, அக்கா சேர்த்தது பாதி. எனக்குத் தெரியும். மகளுக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

அக்கா காலமான பிறகு வீடு ஊமையாகிவிட்டது. சேனல்காரர்களுக்கும் இப்போது பாம்பைக் கையில் பிடித்துக்கொண்டு கூவுகிற பையன்கள்தான் வேண்டுமாம். எனக்கு வயிறு எரிகிறது, அது வேற கதை. ஞாயிற்றுக்கிழமைகளில் சாரைப் பார்க்கப் போவேன். இரண்டு பேரும் டீ குடித்துவிட்டு மின்விசிறிச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருப்போம். போன வாரம் நான் இருக்கும்போதே மகள் கூப்பிட்டாள். போனை ஸ்பீக்கரில் போட்டார்.

"அல்லோ, அப்பா?"

"தனியா இருக்க முடியலம்மா. ஒரு தடவ வந்துட்டுப் போயேன்" என்றார். தனக்கென்று எதையும் யாரிடமும் கேட்காத மனிதர்.

"ஒண்ணும் கேக்கல பா. லைன் சரியில்ல. அப்புறம் கூப்பிடறேன்."

என்னால் பொறுக்க முடியவில்லை. போனைப் பிடுங்கிக் கத்தினேன்: "அப்பா உன்ன வரச் சொல்றாரும்மா!"

அவள் மெதுவாகக் கேட்டாள்: "மாமா, நெஜமா அப்பா சொல்றாரா? இல்ல, அம்மா மாதிரி நீங்களா சொல்றீங்களா?"

போனை அவர் வாயருகே கொண்டுபோனேன்.

"நான்தாம்மா சொல்றேன்" என்றார்.

"அல்லோ?" என்றாள் அவள். "மாமா, இருக்கீங்களா?"